மயில்சாமியின் ரிக்கில் சொல்லக்கூடாத சொல்

போர்வெல் போடுகிற மயில்சாமியின் வண்டிக்கு யார் வேலைக்கு வந்தாலும் முதல் நாளே ஒரு சட்டம் சொல்லப்படும். துளைக்குள் இறங்கும் இரும்பு ராடை மாட்டத் தெரியாவிட்டால் பாதகமில்லை, பத்து நாளில் கைவந்துவிடும். ஆனால் துளை போட ஆரம்பித்ததிலிருந்து ஈரம் கண்ணில் படும்வரை ‘தண்ணி’ என்ற வார்த்தை யார் வாயிலிருந்தும் வரக்கூடாது. ஊற்று, ஓடை, கிணறு, மழை, எதுவும் ஆகாது. தாகம் எடுத்தால் ‘குடிக்கறது எங்க’ என்று கேட்க வேண்டும். தண்ணீர் தேடுவதையே பிழைப்பாக வைத்திருக்கும் மனிதர் தண்ணீரின் பேரைச் சொல்லமாட்டேன் என்றால் யாருக்கும் சிரிப்பு வரத்தான் செய்யும். வண்டி டிரைவர் முருகானந்தத்துக்கும் ஆரம்பத்தில் வந்தது. இப்போது பதினாறு வருஷமாக அவரும் சொல்வதில்லை.

மயில்சாமிக்கு ஐம்பத்துமூன்று வயது. எருமப்பட்டிக்குப் பக்கத்தில் வீடு. ஆனால் வீட்டில் இருந்த நாட்களை விட வெளியூரில் வண்டிக்கு அடியில் படுத்துத் தூங்கிய நாட்கள்தான் அதிகம். திருச்செங்கோட்டு முதலாளிகளின் வண்டிகளில் ஏறி ஆந்திரா, மத்தியப் பிரதேசம், ராஜஸ்தான் என்று சுற்றாத மாநிலம் இல்லை. பள்ளிக்கூடம் எட்டாவதோடு சரி. பாறையைப் படிப்பதில் மட்டும் அவரை அடித்துக்கொள்ள ஆள் கிடையாது. துளையிலிருந்து காற்று தள்ளிவிடும் கல்தூளை உள்ளங்கையில் வாங்கி, கட்டைவிரலால் தேய்த்து, மூக்கருகே கொண்டுபோவார். சில சமயம் நாக்கிலும் வைப்பார். அப்புறம் கையைத் தட்டிவிட்டு லீவரைப் பிடித்துக்கொள்வார். என்ன தெரிந்தது என்று கேட்டால் பதில் வராது.

இப்படி வாய்க்குப் பூட்டுப் போட்டதற்கு ஒரு காரணம் இருந்தது. இருபத்தாறு வருஷத்துக்கு முன், ஆபரேட்டராகி இரண்டாவது மாசம், அனந்தப்பூர் பக்கம் ஒரு காய்ந்த காட்டில் முந்நூறு அடியில் சேறு தெறித்தது. இளரத்தம் சும்மா இருக்குமா? “தண்ணி, தண்ணி” என்று கத்தித் தீர்த்துவிட்டார். நிலத்துக்காரர் சூடம் ஏற்றினார், ஊருக்கே சர்க்கரை கொடுத்தார். அவர் மகள், ஏழு வயதிருக்கும், வீட்டுக்கு ஓடிப்போய் ஒரு எவர்சில்வர் குடத்தை இடுப்பில் வைத்துக்கொண்டு வந்து நின்றது. ஒரு மணி நேரத்தில் வெறும் காற்று வந்தது. பாறை இடுக்கில் தேங்கிக் கிடந்த கொஞ்சம் ஈரம், அவ்வளவுதான். அப்பன்காரர் ஒரு வார்த்தை திட்டவில்லை. அந்தப் பிள்ளை மட்டும் பொழுது சாயும்வரை குடத்தை இறக்கவே இல்லை. திட்டியிருந்தால்கூட மறந்திருப்பார். அந்தக் குடத்தை மறக்க முடியவில்லை. முன்கூட்டிச் சொன்னதால்தான் போய்விட்டது என்று அன்றைக்கு மனசில் விழுந்தது விழுந்ததுதான்.

அந்தச் சட்டம் ரிக்கோடு நின்றிருந்தால் தேவலை. வீடு வரைக்கும் வந்துவிட்டது. மகள் இலக்கியா பன்னிரண்டாவதில் பள்ளிக்கூடத்திலேயே முதலாவதாக வந்தாள். போனில் சொன்னபோது மயில்சாமி “ம்” என்றார். கோயமுத்தூரில் விவசாயக் கல்லூரியில் இடம் கிடைத்தது. “ம்.” சேலத்தில் சொட்டுநீர்ப் பாசனக் கம்பெனியில் வேலை கிடைத்தது, அங்கிருந்து மூன்று மாசப் பயிற்சிக்கு இஸ்ரேலுக்கே அனுப்பினார்கள். வழியனுப்ப வந்தவர் “பாத்துப் போ” என்பதோடு நிறுத்திக்கொண்டார். கூட வேலை பார்த்த சிவபிரகாஷைக் கட்டிக்கொள்கிறேன் என்றபோதும் அதே “ம்”. நல்லா இருப்ப என்று ஒரு தடவை சொல்லிவிட்டால் அந்த நல்லது கைநழுவிப் போய்விடுமோ என்று அவருக்கு உள்ளுக்குள் நடுக்கம். மகளுக்கு அது எப்படித் தெரியும்? தான் செய்வது எதுவுமே அப்பாவுக்குப் பிடிக்கவில்லை என்று அவள் நினைத்துக்கொண்டாள். மனுஷன் செய்த தப்பிலேயே பெரிய தப்பு இதுதான், செய்கிறோம் என்றே தெரியாமல் செய்தார்.

பேரன் பிறந்தான். பிரசவத்துக்கு இலக்கியா தாய்வீட்டுக்கு வந்திருந்தாள், மயில்சாமி வழக்கம்போல வெளியூரில். குழந்தைக்கு ‘ஈதன்’ என்று பேர் வைக்கப் போவதாகப் போனில் சொன்னாள். “ம்.” சொந்தபந்தத்தில் ஆளாளுக்கு இதென்ன பேரு, எந்தச் சாமி பேரு என்று மயில்சாமியின் மனைவி மஞ்சுளாவைத் துளைத்தெடுத்தார்கள். அவளுக்கும் அர்த்தம் தெரியவில்லை. பேர் வைக்கும் விசேஷம் ஞாயிற்றுக்கிழமை. அந்த வீட்டு வழக்கப்படி அம்மா வழித் தாத்தாதான் குழந்தையின் காதில் மூன்று தடவை பேரைச் சொல்ல வேண்டும்.

வெள்ளிக்கிழமை மத்தியானம் ரிக் தம்மம்பட்டிப் பக்கம் மாதையனின் மரவள்ளிக் காட்டில் நின்றது. மாதையன் அதற்கு முன் போட்ட இரண்டு துளையும் ஈரமே இல்லாமல் வெறும் தூளாகப் புகைந்துபோனவை. இது மூன்றாவது. ஐந்நூற்று அறுபது அடி முடிந்து, அடுத்த ராடு மாட்டுவதற்காகக் காற்றடிக்கும் கம்ப்ரசரை அடக்கியிருந்தார்கள். காது கேட்கிற அளவுக்குச் சத்தம் குறைந்த அந்த இரண்டு நிமிஷத்தில்தான் போன் அடித்தது. மயில்சாமியின் கை முழுக்க கிரீஸ். முருகானந்தம் போனை எடுத்து, ஸ்பீக்கரில் போட்டு, அவர் முகத்துக்கு நேரே பிடித்தார்.

இலக்கியா சுற்றி வளைக்கவில்லை. ஞாயிற்றுக்கிழமை காதில் பேர் சொல்ல அப்பா வருவாரா, இல்லை பேர் பிடிக்கவில்லையென்றால் மாமனாரையே சொல்லச் சொல்லிவிடட்டுமா என்று கேட்டாள். சாயந்திரத்துக்குள் பதில் வேண்டும். குரல் கொஞ்சம் உடைந்திருந்தது. மயில்சாமி போனையே பார்த்தார். பிடிக்கவில்லை என்று யார் சொன்னது? ஆனால் வாய் திறந்தால்தானே.

“அந்தப் பேருக்கு என்ன அர்த்தம்னுகூட நீங்க கேக்கலீங்கப்பா” என்றாள் அவள். “ஊரே கேட்டுச்சு, நீங்க கேக்கல. நானே சொல்றேன், கேட்டுக்கங்க. அது ஹீப்ரு பாஷைப் பேரு. நான் பயிற்சிக்குப் போயிருந்தப்ப, பாலைவனத்துல ஒரு ஓடைக்குக் கூட்டிட்டுப் போனாங்க. சுத்தியும் காஞ்சு கெடக்குது, அது மட்டும் சலசலன்னு ஓடுது. அந்த நாட்டுல முக்காவாசி ஓடை மழை பேஞ்சா ஓடும், அப்பறம் வெறும் மணலு. இப்புடி கோடையிலயும் நிக்காம ஓடறதுக்குன்னு தனியா ஒரு சொல்லு வெச்சிருக்காங்க. ரொம்பப் பழைய சொல்லு. உறுதி, அசையாததுன்னும் அதுக்கு அர்த்தம் உண்டு. அந்தக் காலத்துலயே பெரிய அறிவாளி ஒருத்தருக்கு அந்தப் பேரு இருந்திருக்குது. எங்களுக்குச் சொல்லிக் குடுத்தவருக்கும் அதே பேருதான். அவங்க வாயில கொஞ்சம் வேற மாதிரி வரும், நமக்கு ஈதன். வருசம் பூரா வத்தாம ஓடற தண்ணி. அதைக் கேட்டப்ப எனக்கு உங்க நெனப்புதாம்ப்பா வந்துச்சு. பையன் பொறந்தா இந்தப் பேருதான்னு அன்னிக்கே முடிவு பண்ணிட்டேன்.”

ஓடை, மழை, தண்ணி. ஒரே மூச்சில் மூன்றும் வந்துவிட்டது, அதுவும் ஐந்நூற்று அறுபது அடியில், ஸ்பீக்கரில். ராடைப் பிடித்திருந்தவர்கள் அப்படியே நின்றார்கள். விஷயம் தெரிந்த மாதையன் தலையில் கையை வைத்துக்கொண்டு வரப்பில் உட்கார்ந்தார். மயில்சாமி எதையாவது சொல்ல வேண்டும் என்று நினைத்தார். வந்தது “வேலையில இருக்கறன், கூப்படறேன்” என்பதுதான். அந்தப் பக்கம் போன் அணைந்தது.

முருகானந்தம் எலுமிச்சம்பழம் ஒன்றை நசுக்கிப் போட்டுவிடலாமா என்று கேட்டார். இன்றைக்கு நிறுத்திவிட்டு நாளைக்குப் போடலாமா என்று மாதையன் கேட்டார். மயில்சாமி இரண்டுக்கும் தலையை ஆட்டினார், வேண்டாம் என்று. உண்மையில் அவர் மனசில் வேறொன்று ஓடிக்கொண்டிருந்தது. முந்தின ராடு இறங்கும்போதே தூளின் நிறம் மாறியிருந்தது. சாம்பலில் துருப்பிடித்த மாதிரி ஒரு மஞ்சள். பாறை எங்கோ வெடித்திருந்தால்தான் அந்த நிறம் வரும். யாரிடமும் மூச்சு விடாமல் அதைக் கையில் தேய்த்துப் பார்த்து வைத்திருந்தார். இப்போது வார்த்தை வெளியே போய்விட்டது. அனந்தப்பூர் மாதிரியே இதுவும் போய்விடுமா?

“ராடப் போடுங்க” என்றார்.

ஐந்நூற்று எண்பது. தூள் பறந்து எல்லோர் தலையும் நரைத்தது, ஈரம் இல்லை. மாதையன் வரப்பிலிருந்து எழுந்திருக்கவில்லை. அடுத்த ராடு. பாதி இறங்கும்போது சத்தம் மாறியது. துளைக்கு அடியில் பாறையை இடிக்கும் சுத்தியலின் கணகண ஒலி மழுங்கி, குழாய்க்குள் யாரோ கனைப்பதுபோல் கேட்டது. புகை சட்டென்று நின்றது. ஈரத்தூள் கட்டிகட்டியாக விழுந்தது, அப்புறம் சேறு, அப்புறம் வண்டியின் கம்பத்துக்கு மேலே வெள்ளையாக ஒரே பாய்ச்சல். மாதையன் செருப்பைக் கூட மாட்டாமல் ஓடிவந்து அதற்கு அடியில் நின்றார். முருகானந்தம் நனைந்த சட்டையோடு குதித்தார், உங்க பேரன் கொண்டாந்துட்டானுங்க என்று ஊருக்கே கேட்கும்படி கத்தினார். மரவள்ளிச் செடிகள் வரிசை வரிசையாகத் தலை துவண்டு நனைந்தன.

மயில்சாமி லீவரை விடவில்லை. அனந்தப்பூரில் ஒரு மணி நேரம் ஏமாற்றியதே. ஒரு மணி நேரம் காற்றை விட்டுப் பார்த்தார். இரண்டு மணி நேரம் பார்த்தார். பீச்சியடித்தது குறையவே இல்லை, நிறம்தான் தெளிந்தது. பேரன் ஒன்றையும் கொண்டுவரவில்லை என்பது அவருக்கு நன்றாகத் தெரியும். அது முன்னமே அங்கே இருந்தது, கல் அவரிடம் முன்னமே சொல்லிவிட்டது. ஆனால் அப்படியென்றால் இன்னொன்றும் நிஜம்தானே. வாய்விட்டுச் சொன்னதால் எதுவும் ஓடிப்போகவில்லை. அனந்தப்பூரிலும் அவர் கத்தியதால் வற்றவில்லை, அங்கே இருந்ததே அவ்வளவுதான். இருபத்தாறு வருஷமாக யாருக்குப் பயந்து வாயை மூடிக்கொண்டிருந்தோம்? இது புரிந்ததும் அந்த மனுஷன் லீவரை விட்டார். ஈரக்கையாலேயே போனை எடுத்து மகளைக் கூப்பிட்டார்.

“ஞாயித்துக்கெழம நானே சொல்றன் சாமி. வாரேன்” என்றார். அந்தப் பக்கம் மூக்கை உறிஞ்சும் சத்தம் கேட்டது.

ஞாயிற்றுக்கிழமை எருமப்பட்டி வீட்டில் கூட்டம் நிறைந்திருந்தது. ரிக்கில் வேலை செய்பவர்கள் அத்தனை பேரும் சலவைச் சட்டையில் வந்து, போட்டோவுக்கு நிற்பதுபோல் விறைப்பாக நின்றார்கள். அதற்குள் முருகானந்தம் கதையை ஊர் பூராவும் பரப்பியிருந்ததால், பேரின் அர்த்தம் என்ன என்று இப்போது ஒருவரும் மஞ்சுளாவைக் கேட்கவில்லை. வந்தவர்களே ஒருவருக்கொருவர் சொல்லிக்கொண்டிருந்தார்கள். மயில்சாமி புது வேட்டியில் உட்கார்ந்து, குழந்தையை மடியில் வாங்கிக்கொண்டு, “சர்க்கரைத் தண்ணி எங்க?” என்றார். ரிக் ஆட்கள் ஒருவரை ஒருவர் பார்த்துவிட்டு அடக்கமாட்டாமல் சிரித்துவிட்டார்கள். சர்க்கரைத் தண்ணீரை விரலில் தொட்டுக் குழந்தையின் நாக்கில் வைத்தார். அது சப்புக்கொட்டியது. பிறகு குனிந்து, அதன் காதில் வாயை வைத்து, “ஈதன், ஈதன், ஈதன்” என்றார். வற்றாத ஓடை என்று தெரிந்தே, கூட்டத்துக்கே கேட்கிற மாதிரி சொன்னார்.

வழக்கம் அதோடு முடிந்தது. குழந்தையை வாங்க இலக்கியா கையை நீட்டிக்கொண்டு குனிந்தாள். மயில்சாமி குழந்தையைக் கொடுக்காமல் அவள் தலையைப் பிடித்து அருகே இழுத்தார். அவள் பிறந்தபோது அவர் பீகாரில் இருந்தார். மஞ்சுளாவின் அப்பா அவள் காதில் பேர் சொன்னதைக்கூட அவர் பார்க்கவில்லை.

“நீ நல்லா வருவேன்னு எனக்கு எப்பவோ தெரியும் சாமி” என்றார் அவள் காதில். “சொன்னாப் போயிருமோன்னு பயந்துட்டன்.”

இலக்கியா நிமிரவே இல்லை, அப்பாவின் தோளிலேயே முகத்தை வைத்துக்கொண்டாள். அப்பா என்ன சொன்னார் என்று மஞ்சுளா பின்னாலிருந்து கேட்டுக்கொண்டே இருந்தாள். இன்னொரு தடவை சொல்லச் சொன்னாள் மகள். அவர் சொன்னார். அதற்கப்புறம் இன்னொரு தடவையும் சொன்னார், மூன்றாகட்டும் என்று.