வழியில் நிற்காத கார்

விற்கப் போட்டிருந்த என் சின்னக் காரைப் பார்க்க, இன்று மலைத் தேயிலைத் தோட்டத்திலிருந்து ஒரு கணவனும் நிறைமாத மனைவியும் வந்தார்கள்.

விளம்பரத்தில் எழுதியதையே ஒப்பித்தேன். "அறுநூத்தி அறுபது சிசி. லீட்டருக்கு இருபது ஓடும். வழியில நிக்காது. நாலு பேர் தாராளமா உக்காரலாம்."

"உக்கார இல்லண்ணே" என்ற அந்தப் பெண், பின் சீட்டில் முழங்காலை மடக்கிப் படுத்துப் பார்த்தாள்.

கணவன் சொன்னான்: "ஆம்புலன்ஸ் எங்க மேக்கணக்கு வளைவுல திரும்பாதுங்க. இது திரும்பிரும். ஆனா மேடு ஏறுமா?"

மேக்கணக்கு என்றால் தோட்டத்தின் மேல் டிவிஷன். என் கார் பலாங்கொடை பஜாரைத் தாண்டியதே இல்லை.

சாவியைக் கொடுத்தேன். "ஏத்திப் பாத்துட்டு வாங்க."

அவள் எங்கள் வீட்டில் பிளேன்டீ குடித்துக்கொண்டிருக்கிறாள். அவனை இன்னும் காணோம்.

உங்கள் வண்டியை எந்த மேடு வரைக்கும் நம்பலாம், சொல்லுங்கள்.

'வழியில் நிற்காது' என்று எழுதிய நான் வாசலில் நிற்கிறேன்.