நின்ன பாறையில் ஒரு முழு ஜெபமாலை

அஸ்தினாபுரத்தைத் தாண்டி, கைவிட்ட கல்குவாரிப் பக்கம் போனால் நின்ன பாறை வரும். ஒன்றோடொன்று சாய்ந்த இரண்டு பாறைகள், நடுவில் நாலு பேர் உட்காரும் குகை, அதற்குள் யாரோ வைத்த மாதா சுரூபம். உள்ளே நேரம் மெதுவாகத்தான் நகரும். ஒரு அருள்நிறை மந்திரம் சொல்லி முடிப்பதற்குள் வெளியே அரை மணி நேரம் ஓடிப்போயிருக்கும். காட்டாங்குளத்தூர் காலேஜ் பிள்ளைகள் வீடியோ எடுக்க வந்து, இரண்டு நிமிஷம் சிரித்துவிட்டு வெளியே வந்தால் நாலு மணி நேரம் காணாமல் போயிருக்கும். வீட்டிலிருந்து நாற்பது தடவை போன் வந்திருக்கும். 'சொல்லிவிட்டு வரவும்' என்று ஒரு புண்ணியவான் வழியில் பலகையே எழுதி வைத்திருக்கிறார்.

ஞானம்மாளுக்கு அந்தப் பாறை அத்துப்படி. அவள் இட்லி மாவு அரைத்து விற்கிறவள். அரிசியை ஊறப்போட்டுவிட்டுப் பாறைக்குப் போவாள். எட்டு மந்திரம் சொல்லிவிட்டு எழுந்து வந்தால் அரிசி பதமாக ஊறியிருக்கும்.

"பாறைக்குப் போய்ப் போய் நீ அப்டியே கீறே. நான் மட்டும் கெழவனாயிட்டேன்" என்பார் அவள் புருஷன் அந்தோணிசாமி.

"நீங்களும் வந்து முட்டி போடுங்க, யாரு வேணாம்னா?"

"நான் முட்டி போட்டா ஊர்ல குக்கர் எல்லாம் யாரு பாப்பா?"

சைக்கிளில் தெருத் தெருவாகப் போய் குக்கரும் கேஸ் ஸ்டவ்வும் பழுது பார்ப்பது அவர் தொழில். குரோம்பேட்டையில் அவர் குரல் கொடுத்தால் மூன்றாவது மாடியில் கதவு திறக்கும்.

அந்தக் குரல் ஒரு காலையில் நின்றுபோனது. பக்கவாதம் வந்து வலது கையும் பேச்சும் போய்விட்டன. ஆஸ்பத்திரியிலிருந்து வீட்டுக்குக் கொண்டுவந்து கட்டிலில் போட்டார்கள். அவர் கண்ணால் அவளையே பார்ப்பார், உதடு துடிக்கும், சத்தம் வராது. ஞானம்மாள் மாதாவிடம் நேர்ந்துகொண்டாள். 'அவர் வாயிலேருந்து ஒரே ஒரு வார்த்தை வரட்டும் தாயே. அன்னிக்கே பாறையில ஜெபமாலையோட ஐம்பத்து மூணு மணியும் சொல்லி முடிக்கிறேன்.'

எழுபதாம் நாள், வியாழக்கிழமை காலை, அவள் கஞ்சி ஊட்டிக்கொண்டிருந்தாள். அவர் முகத்தைச் சுளித்தார்.

"உப்பு" என்றார்.

ஞானம்மாள் கரண்டியைக் கீழே போட்டுவிட்டு அழுதாள், சிரித்தாள். பக்கத்து வீட்டு ஜஹானாராவை ஓடிப்போய் இழுத்துவந்தாள்.

"நேர்ச்சை கீது ஜஹானாரா. முழு ஜெபமாலை. நாளைக்கு சாயங்காலம் ஆயிடும். பாத்துக்கிறியா?"

"ஒரு நாள்தானேக்கா? நானும் எங்க வூட்டுக்காரரும் பாத்துக்கறோம். ஆனா இன்னிக்கே போணுமா?"

"அன்னிக்கேன்னு சொல்லிட்டேனே. சொன்ன வாக்கைத் தள்ளிப்போடக் கூடாது. இனிமேதான் பேச ஆரம்பிச்சிட்டாரே. நாங்க பேசுறதுக்கு இன்னும் எவ்ளோ நாள் கீது."

குகைக்குள் அவள் அவசரப்படவில்லை. ஒவ்வொரு மணியையும் நன்றியோடு உருட்டினாள். வெளிச்சம் மங்கியது, இருண்டது, மறுபடி விடிந்தது. எல்லாம் பத்துப் பதினைந்து நிமிஷத்துக்குள் நடந்தது.

வெள்ளிக்கிழமை சாயங்காலம் தெருமுனையில் திரும்பியபோது வரிசையாகச் சிவப்பு பிளாஸ்டிக் நாற்காலிகள் தெரிந்தன. 'ஐயோ, எந்த வீட்டிலேயோ' என்று சிலுவை போட்டுக்கொண்டாள். நாற்காலிகள் அவள் வீட்டு வாசலில் போய் முடிந்தன. கூடத்தில் பிரீசர் பெட்டி. மத்தியானம் இரண்டாம் தடவை வந்த பக்கவாதத்தில் ஒரு நொடியில் போய்விட்டார்.

அடக்கம் முடிந்து மூன்றாம் நாள்தான் அவள் வாய் திறந்தாள்.

"இன்னா பேசுனாரு?"

ஜஹானாரா அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். "நல்லாப் பேசினாருக்கா. டீ கேட்டாரு. எங்க வூட்டு ஸ்டவ் எரியற சத்தத்தை வெச்சே பர்னர்ல அடைப்புன்னாரு. அப்றம் உங்களைக் கேட்டாரு. பாறைக்குப் போயிருக்காங்கன்னு சொன்னதும் சிரிச்சாரு."

"அப்றம்?"

"'அவகிட்ட ஒண்ணு சொல்லணும்'னாரு. எங்க வூட்டுக்காரர், 'அண்ணே, ஆட்டோல போய் ஒரே நிமிஷத்துல கூட்டிட்டு வந்துடறேன்'னு கிளம்பிட்டாரு. அண்ணன்தான் வேணாம்னுட்டாரு. 'ஜெபத்துல இருக்கா, நடுவுல எழுப்பாத அத்தாவுல்லா. வரட்டும், நானே சொல்றேன்'னாரு."

"இன்னா சொல்லணும்னு கேக்கலியா?"

"கேட்டேன்க்கா. உங்ககிட்டதான் சொல்லணும்னுட்டாரு."

முப்பதாம் நாள் பூசை முடிந்தது. மாவு அரைக்கும் கிரைண்டரில் தூசி படிந்தது. விடிந்தால் பொழுது போகவில்லை, பொழுது போனால் விடியவில்லை. ஞானம்மாள் மறுபடியும் பாறைக்குப் போக ஆரம்பித்தாள். இப்போது நேர்ச்சை ஒன்றுமில்லை. ஜெபமாலை கையில் இருக்கும், உதடு அசையாது. நாட்கள் அவளைத் தொடாமல் வெளியே ஓடினால் போதும். சில தடவை மூன்று நாள் கழித்து வருவாள், சில தடவை ஐந்து நாள்.

ஒரு வாரம் ஆகியும் வராதபோது ஜஹானாரா தேடிக்கொண்டு போனாள். உள்ளே ஒரு நிமிஷம் நின்றால் வெளியே இரண்டு மணி நேரம். பள்ளிக்கூடம் விட்டு மகள் சோயா பூட்டிய வீட்டு வாசலில் நிற்பாள். தெரிந்தேதான் நுழைந்தாள்.

"எழுந்திருங்கக்கா."

"இன்னிக்கு இன்னா கிழமை?"

"புதன்."

"எந்தப் புதன்?"

ஜஹானாரா அவளைக் கைத்தாங்கலாக வெளியே கொண்டுவந்தாள். வெயில் கண்ணைக் குத்தியது.

"ஒரு வார்த்தைதான் கேட்டேன்" என்றாள் ஞானம்மாள். "மாதாவும் ஒரு வார்த்தைதான் குடுத்தா. அவமேல தப்பு இல்ல. நான்தான் ரெண்டுன்னு கேட்டிருக்கணும்."

வீட்டில் ஜஹானாரா அவசரமாகக் கஞ்சி வைத்துக் கொடுத்தாள். முதல் வாயிலேயே தெரிந்தது, உப்பு போட மறந்திருக்கிறாள். ஞானம்மாள் உப்பு கேட்கவில்லை. கிண்ணம் காலியாகும்வரை மெதுவாகக் குடித்தாள்.