அன்ஃபெமிலியர்

மழையில் நனைந்த கிடுகோலை எங்கே மணந்தாலும், பெரியகல்லாற்றுக் கடற்கரையில் இருந்த எங்கள் டியூசன் கொட்டில் நினைவில் வந்துவிடும். வெண்கட்டித் தூசும், கடலிரைச்சலை மீறிக் கத்திப் படிப்பிக்கும் இங்கிலீஷ் சேரும், அவர் எங்கள் மேல் எறியும் கேள்விகளும்.

"அன்ஃபெமிலியர் எண்டா என்ன கருத்து?"

"ஃபெமிலி இல்லாத ஆள், சேர்," என்றாள், போரில் செல்லடியில் தாய் தகப்பனை இழந்த சுமதி.

பழக்கமில்லாதது என்று திருத்தாமல், "அப்ப அது நீதானே!" என்று அவர் சிரித்தார். கொட்டிலே சிரித்தது.

சுனாமி அந்தக் கொட்டிலோடு சேரின் மனைவி பிள்ளைகளையும் கொண்டுபோனது. முகாமில் சாப்பாட்டு வரிசையில் கோப்பையோடு நின்றவரிடம் சுமதி வந்து, வகுப்பில் போலவே கைகட்டி, மெதுவாகக் கேட்டாள்:

"சேர், அன்ஃபெமிலியர் எண்டா என்ன கருத்து?"