அண்ணனைக் கடந்தை கொட்டியது

கடந்தை, அந்தப் பெரிய காட்டுக் குளவி, கொட்டினால் ஆள் அங்கேயே செத்துவிடுவான் என்றுதான் எங்கள் பக்கத்தில் நம்பினார்கள். அங்கே சாகாதவன் பிழைத்துவிட்டான் என்று அர்த்தம். என் அண்ணன் அங்கே சாகவில்லை.

நாகலாபுரத்துக்குப் பக்கத்தில் எங்கள் ஊர். ஆந்திர ராஜ்யம் தனியாகப் பிரிந்த பிறகு, தமிழ் பேசும் ஊர்கள் சித்தூர் ஜில்லாவில் இருப்பதா, சென்னைப் பக்கம் போவதா என்று பேச்சு நடந்துகொண்டிருந்த காலம். எல்லை விஷயமாக ஓர் அதிகாரி எங்கள் ஊருக்கு வரப்போவதாகச் சொன்னார்கள். ஊர் சார்பில் பேச அண்ணனை நிறுத்தியிருந்தார்கள். அவர் பேசுவதை இங்கிலீஷில் எடுத்துச் சொல்ல நான். விலங்கியல் படித்து முடித்து, வேலை தேடிக்கொண்டிருந்தேன்.

ஏரிக்கரையில் பனைமரங்களை ஒட்டிப் பந்தல் போட்டோம். அண்ணன் கடப்பாறையால் குழி தோண்டினார். ஒரு பனையின் காய்ந்த மட்டைகளுக்குள் கூடு இருந்ததை யாரும் கவனிக்கவில்லை. ஒற்றை ராணி மரப்பட்டையை மென்று, கூழாக்கி, தனியாகக் கட்டத் தொடங்கும் கூடு அது. மழைக்காலம் முடியும்போது பெரிய பானை அளவுக்கு வந்துவிடும். கடப்பாறை இடித்த அதிர்வு மரத்தில் ஏறியிருக்க வேண்டும்.

முதலில் ஒன்றுதான் வந்தது. கறுப்பு உடம்பு, வயிற்றில் அகலமான மஞ்சள் பட்டை. அண்ணன் முதுகில் உட்கார்ந்தது. நான் துண்டால் ஓங்கி அடித்தேன். அங்கேயே நசுங்கியது. அதன்பின் மொத்தக் கூடும் அவர்மேல் இறங்கியது. தேனீக்குக் கொடுக்கு நம் தோலில் மாட்டிக்கொள்ளும், கொட்டியதும் செத்துப்போகும். கடந்தைக்கு அப்படியில்லை. அதே கடந்தை திரும்பத் திரும்பக் கொட்டும். அண்ணன் கரைச் சரிவில் உருண்டார். நான் ஓடிவிட்டேன்.

நசுங்கிய கடந்தையின் விஷத்திலிருந்து எழும் வாசனைதான் மற்றவற்றைக் கூப்பிடுகிறது என்று பல வருஷம் கழித்துப் படித்தேன். அன்றைக்கு அது எனக்குத் தெரியாது. அதற்காக நான் என்னை அதிகம் நொந்துகொள்வதில்லை.

கொட்டின இடமெல்லாம் சுண்ணாம்பு தடவினார்கள். முகம் வீங்கிக் கண் மூடிப்போயிற்று. ராத்திரி முழுக்கக் காய்ச்சல். விடிந்ததும் எழுந்து உட்கார்ந்து கஞ்சி கேட்டார். பார்க்க வந்தவர்களில் ஒருவர், “இன்னாபா, ஆபீசர் உன் மூஞ்சியப் பாத்துட்டு பயந்து ஊர உட்டே ஓடிருவாரு போல” என்றார். அண்ணனும் சிரித்தார்.

அன்று என்னை மட்டும் கைத்தாங்கலாகக் கொல்லைப் பக்கம் கூட்டிப்போகச் சொன்னார்.

“டேய், ஒன்னுக்கு காப்பி டிகாஷன் மாரி போவுதுடா.”

நானும் பார்த்தேன். அப்படித்தான் இருந்தது.

“உங்க அண்ணிகிட்ட சொல்லாத. ஆஸ்பத்திரிக்குப் போனா படுக்க வச்சிருவானுங்கோ. நாளைக்கு ஆபீசரு வராரு. நா பேசாம யாருடா பேசறது? நீயா?”

“சூடா இருக்கும்ணா. எளநி குடி, சரியாயிடும்” என்றேன்.

சூடு இல்லை என்று எனக்குத் தெரியும். ரத்த அணுக்கள் உடைந்தால் அந்த நிறம் வரும் என்று பரீட்சையில் எழுதியவன் நான். ஆனால் மறுநாள் அந்தப் பந்தலில் இங்கிலீஷ் பேசப்போகிறவனும் நான்தான். புதுச் சட்டை தைத்து வைத்திருந்தேன்.

அதிகாரி வந்தார். அண்ணன் ஒரு கையால் பந்தல் காலைப் பிடித்துக்கொண்டு பேசினார். நான் நன்றாகவே சொன்னேன். அதிகாரி தலையாட்டிவிட்டு ஜீப்பில் ஏறிப் போனார். சாயங்காலத்துக்குள் அண்ணனுக்குச் சிறுநீர் அடியோடு நின்றுவிட்டது.

அன்று ராத்திரி திருப்பதி ஆஸ்பத்திரியில் டாக்டர் தெலுங்கில் கேட்டார். “மூத்திரம் ரங்கு மாரிந்தி எப்புட்னுஞ்சி?”

நிறம் எப்போது மாறியது என்கிறார். அண்ணி பக்கத்தில் நின்றிருந்தார்.

“ஈரோஜு பொத்துன்னே சார்” என்றேன். இன்று காலையில்தான்.

விஷம் ரத்தத்தையும் தசையையும் கரைக்கிறது, கரைந்தது போய்ச் சிறுநீரகத்தை அடைத்துக்கொள்கிறது என்று அவர் விளக்கினார். முன்னமே தெரிந்திருந்தால் நரம்பில் நிறைய நீர் ஏற்றிக் கழுவப் பார்த்திருக்கலாம். இனி ஏற்றினால் அது நுரையீரலில்தான் சேரும். ரத்தத்தைச் சுத்தம் செய்யும் இயந்திரம் இந்தப் பக்கத்தில் எங்கேயும் கிடையாது என்றார்.

கட்டிலுக்கடியில் ஒரு கண்ணாடிக் குடுவை வைத்து, சொட்டு விழுந்தால்கூடச் சொல்லச் சொன்னார் நர்ஸ். செய்ய வேறொன்றும் இல்லை. நான் குடுவையையே பார்த்துக்கொண்டிருந்தேன். அண்ணனுக்குக் கால் வீங்கியது, பிறகு வயிறு. விக்கல் ஓயவில்லை. கடைசியில் பேச்சு குழறி, தூங்கிக்கொண்டே இருந்தார். குடுவை காய்ந்தே கிடந்தது.

பிறகு எல்லை முடிவானது. எங்கள் ஊர் இருந்த இடத்திலேயே இருந்தது.

அண்ணி அதன்பின் முப்பது வருஷத்துக்கு மேல் இருந்தார். போகும்போதெல்லாம் எனக்கு இலை போட்டுத்தான் அனுப்புவார். ஒருமுறை வீட்டுக்கு வந்த உறவுக்காரப் பெண் ஒருத்தி, “மொதல்லயே ஆஸ்பத்திரிக்கு இட்டுக்கினு போயிருந்தா பொழச்சிருப்பாரே” என்று இழுத்தாள்.

அண்ணிக்குக் கோபம் வந்துவிட்டது. “யாருக்குத் தெரியும்மே? தம்பி படிச்சவரு, கூடவே இருந்தாரு. அவருக்குத் தெரிஞ்சிருந்தா உட்டிருப்பாரா?” என்று சொல்லிவிட்டு, “இன்னும் கொஞ்சம் சோறு வெக்கட்டா தம்பி?” என்று என் பக்கம் திரும்பினார்.

இலையில் இடம் ஒதுக்கினேன். அவர் வைத்த சோற்றைப் பிசைந்து சாப்பிட்டேன்.