ஏழாம் நம்பர் மலைக்குள்

ஏழாம் நம்பர் மலையில் கொழுந்து எடுப்பதை நிறுத்திய பிறகு அந்த மலைக்கு உயிர் வந்துவிட்டது என்றுதான் சொல்ல வேண்டும். கவ்வாத்து வெட்டி இடுப்பளவில் அடக்கி வைத்திருந்த தேயிலைச் செடிகள் யாரும் தொடாததால் மரமாகிவிட்டன. பன்றி மண்ணைக் கிண்டிப் போடும். மழைக்குத் தண்ணீர் ஓடும் கான் உடைந்து குறுக்குப் பாதையை இழுத்துக்கொண்டு போகும். யாராவது நாலு பாத்தி மரக்கறி போட்டு வேலி கட்டுவார்கள். பன்றி தின்று தீர்த்ததும் வேலியை அப்படியே விட்டுவிட்டுப் போய்விடுவார்கள். போன வாரம் நடந்த வழி இந்த வாரம் இருக்காது. பாதி ஆயுள் அந்த மலையில் கூடை சுமந்தவள் நான். எனக்கே அது முகத்தைத் திருப்பிக்கொண்டது.

மலைக்கு இந்தப் பக்கம் மேல் லயத்து வரிசை வீடுகளில் ஒன்றில் நான் இருக்கிறேன். அந்தப் பக்கம் பள்ளத்து லயத்தில் அக்கா இருந்தாள். இருவருக்குமே புருஷன் இல்லை, பிள்ளைகள் கொழும்பில். ரோட்டு வழியாகப் போனால் தலவாக்கலைக்கு இறங்கி பஸ் மாற வேண்டும், பாதி நாள் போய்விடும். மலையைக் கடக்க முடிந்தால், காலைத் தேத்தண்ணியை என் வீட்டில் குடித்துவிட்டு அடுத்ததை அக்கா வீட்டில் குடிக்கலாம்.

என் லயத்தில் பாதிக் கதவுகளில் பூட்டுத் தொங்குகிறது. டிவியில் செய்தி வாசிக்கிற பெண்ணுக்கு நான் பதில் சொல்லத் தொடங்கியிருந்த காலம் அது. தனிமை அப்படித்தான், முதலில் வாயைத்தான் பிடிக்கும். அக்காவுக்கும் அதே கதிதான் என்று தெரியும். ஆனால் போனில் இரண்டு பேரும் ஒப்புக்கொள்ள மாட்டோம். விழுந்தாலும் மீசையில் மண் ஒட்டவில்லை என்பார்களே, எங்கள் வீட்டுப் பெண்களுக்கு மீசைதான் இல்லை.

"ஒரு நாளைக்கு வர்றதுதானேக்கா" என்பேன்.

"எனக்கு முழங்கால் வலி. ஒனக்கு ஆசையா இருந்தா நீ வா" என்பாள்.

எனக்கு ஆசைதான். சொல்லாமல் சில முறை மலைக்குள் இறங்கி, பாதியில் வழி மறித்துக்கொள்ள, திரும்பியும் வந்திருக்கிறேன். போகும்போதெல்லாம் அம்மா சொல்லிக் கொடுத்த முடிச்சைப் போட்டுக்கொண்டு போவேன். பகல் கொழுந்து நிறுக்கப் போகும்போது, தன் செடி நிரையில் பறித்து விட்ட இடம் தெரிவதற்கு மற்றவர்கள் ஒரு கிளையை ஒடித்து வைப்பார்கள். அம்மா மட்டும் மானாப்புல்லைப் பிடித்து முறுக்கி, நுனியை உள்ளே செருகி முடிச்சுப் போடுவாள். அது காற்றுக்கும் மழைக்கும் அவிழாது. அடுத்தவள் தன் நிரையில் கை வைக்கக் கூடாது என்பதில் அம்மா அவ்வளவு கறார்.

ஒரு நாள் அக்கா போனில் சொன்னாள்: "மகன் கொழும்புக்குக் கூட்டிட்டுப் போறேன்னு நிக்கிறான். தனியா இருக்க வேணாமாம்."

"நீ என்ன சொன்ன?"

"நான் என்னத்த சொல்றது? இங்க என்னைய யாரு தேடுறாங்க?"

அந்தக் கடைசிக் கேள்வி என்னைத் தூங்க விடவில்லை. என்னோடு வந்து இருந்துவிடு என்று அவளிடம் சொல்ல வேண்டும். போனில் சொல்ல எனக்கு வாய் வராது, நேரில் போனால் வந்துவிடும் என்று நினைத்தேன். சில நாள் விடாமல் மழை. மழை விட்ட காலையில் கத்தியை எடுத்துக்கொண்டு இறங்கினேன்.

பழைய முடிச்சுகளைப் பார்த்துப் பார்த்து நடந்தேன். நடு மலை வரைக்கும் சரியாக இருந்தது. அதற்குப் பிறகு முடிச்சுகள் எல்லாத் திசைக்கும் போயின. ஒன்றைப் பிடித்துப் போனால் உடைந்த கானில் முடிந்தது. இன்னொன்றைப் பிடித்துப் போனால் சற்று முன் கடந்த அதே போஞ்சிப் பாத்தி வேலியில் கொண்டுபோய் விட்டது. செக்குமாடு மாதிரிச் சுற்றினேன். பாதையைத்தான் மாற்றுகிறாய், என் முடிச்சையுமா மாற்றுவாய் என்று மலையை வாய்க்கு வந்தபடி திட்டினேன்.

வேலிக்கு அப்பால் நான் ஒருநாளும் கால் வைக்காத இடத்தில் ஒரு முடிச்சு இருந்தது. கையில் பிடித்துப் பார்த்தேன். புல் இன்னும் பச்சையாக இருந்தது, வாடவில்லை. நான் மலைக்குள் வந்தே பல நாளாகிறது. நுனியை இப்படிச் செருகுகிறவர்கள் உலகத்திலேயே மூன்று பேர்தான், அதில் அம்மா போய்ச் சேர்ந்துவிட்டாள். அப்படியே ஈரத்தில் உட்கார்ந்து அழுதேன்.

பிறகு பச்சை முடிச்சுகளை மட்டும் பிடித்து இறங்கினேன். அவை பள்ளத்து லயத்தில் கொண்டுபோய் விட்டன.

அக்கா வாசலில் சட்டி கழுவிக்கொண்டிருந்தாள். கெண்டைக்காலில் அங்கங்கே சுண்ணாம்பு தடவியிருந்தது.

"காலுல என்னக்கா?"

"பீலிக்குத் தண்ணி எடுக்கப் போனேன். அட்டை கடிச்சிருச்சு."

"பீலியடி சிமெந்துத் தரையில அட்டையா?"

அவள் சட்டியைக் கவிழ்த்து வைத்தாள். நான் சேலைத் தலைப்பில் முடிந்து கொண்டுவந்திருந்த புல் முடிச்சை எடுத்து அவள் பக்கத்தில் வைத்தேன். அவள் அதை எடுத்து, செருகிய நுனியை விரலால் நெருடினாள்.

"ஒன்கூட வந்து இருக்கட்டுமான்னு கேக்கத்தான்டி வந்தேன். ரெண்டு மூணு தடவ வந்தேன். மலை விடல. நேத்து சாயந்தரம் மகனுக்குச் சரின்னு சொல்லிட்டேன். அவன் வேனும் பேசிட்டான்."

"போன்ல கேட்டிருக்கலாமேக்கா."

"நீ ஏன் கேக்கல?"

 மகனுக்கு ஒரு வார்த்தை சொல்லி நிறுத்திவிடு என்று அப்போதும் நான் சொல்லவில்லை. அவளும் அதற்காகக் கொஞ்சம் காத்திருந்தாள் என்றே நினைக்கிறேன். பிறகு தேத்தண்ணி ஊற்றினாள். குடித்தோம்.

அந்த ஞாயிற்றுக்கிழமை வேன் வந்து அவளைக் கூட்டிக்கொண்டு போனது. இப்போதும் போன் எடுக்கிறாள். கொழும்பில் புழுக்கமாம், எல்லாச் சந்தும் ஒரே மாதிரி இருக்கிறதாம், கடைக்குப் போனால் வீடு தெரிவதில்லையாம். நல்லா இருக்கேன் என்று அவள் சொல்கிறாள், நானும் நல்லா இருக்கேன் என்கிறேன்.

ஏழாம் நம்பர் மலைக்குள் இன்னமும் போகிறேன். விறகுக்கு என்று சொல்லிக்கொள்வேன். மலை முன்பு போலவே இடம் மாறிக்கொண்டுதான் இருக்கிறது. அக்கா போட்ட முடிச்சுகள் காய்ந்து மழையோடு போய்விட்டன. இப்போது எனக்கு அங்கே வழி தவறுவதே இல்லை. இருக்கிற முடிச்சு எல்லாம் என்னுடையதுதான்.