பாஸ்கலின் நடை

ராயபுரத்து அருள்பிரகாசத்தைத் திரையில் பார்த்தவர்களுக்கு அவர் பெயர் தெரிந்திருக்க நியாயமில்லை. பொய்ச்சாட்சி சொல்கிறவன், கதாநாயகியிடம் அறை வாங்குகிற கணக்கப்பிள்ளை, இப்படித்தான் வருவார். என் தாய்மாமன் என்பதால் எல்லாப் படங்களுக்கும் எங்களை அழைத்துப் போவார்கள், ஒன்றைத் தவிர. அந்த ஒன்றைப் பற்றி வீட்டில் அரைகுறையாகக் கேட்டதைத்தான் எழுதுகிறேன். கடல் தாண்டி வந்தபின் கேட்டுச் சரிபார்க்க ஆளில்லை. தப்பிருந்தால் ஊர்க்காரர்கள் பொறுத்துக்கொள்ள வேண்டும்.

நடிப்பு அவருக்குக் கோயிலில் தொடங்கியது. தபசுகாலத்தில் ஏசுவின் பாடுகளைக் காட்டிப் போடும் பாஸ்கு நாடகத்தில், அவரைக் காட்டிக்கொடுத்த யூதாஸ் வேடம் கட்ட யாரும் முன்வர மாட்டார்கள். மாமா கட்டினார். அந்தத் துணிச்சலில் ஒரு நாடகக் கம்பெனியோடு ஊர் ஊராகப் போனார். யுத்தத்தில் குண்டுக்குப் பயந்து பட்டணமே காலியானபோது கம்பெனியும் கலைந்தது. துறைமுகத்தில் மூட்டைக்கணக்கு எழுத வந்தார். அங்கே கிடைத்த தோழர் பாஸ்கல்.

பாஸ்கல் கிரேனில் கொக்கி மாட்டுகிறவர். சரக்கு சரிந்து விழுந்ததில் இடதுகால் கோணிப்போயிருந்தது. இடுப்பைத் தூக்கி, காலை அரைவட்டமாக வீசி ஊன்றுவார். ஊன்றியதும் யாரோ கூப்பிட்டதுபோலத் தலை ஒருமுறை திரும்பும். தினமும் பக்கத்தில் நடந்து நடந்து அந்த நடை மாமாவின் உடம்பிலும் ஏறிவிட்டது.

ஐம்பத்திரண்டு வாக்கில் கோடம்பாக்கத்தில் ஒரு வேடம் வந்தது. துறைமுகக் குடிகாரன், வசனம் கிடையாது. “சும்மா நடந்து போங்க” என்றார் டைரக்டர். விளக்கு எரிந்ததும் மாமாவுக்குக் கைகால் ஓடவில்லை. பாஸ்கலின் நடைதான் வந்தது. விளக்குப் பிடித்தவர்கள்கூடச் சிரித்துவிட்டார்கள்.

“பிரமாதம். படம் பூரா இதே நடையில வாங்க.”

அந்தப் பாத்திரத்துக்கு ‘தத்தக்கா’ என்று பெயரும் வைத்தார்கள்.

படம் ராயபுரத்துக்கு வந்தது. பாஸ்கல் மனைவி ரோசியோடு போயிருந்தார். முதலில் அவரும் சிரித்தாராம். இடைவேளைக்குள் நின்றுவிட்டது. மறுநாளிலிருந்து தெருவில் அவருக்குப் பெயர் தத்தக்கா.

டீக்கடையில் மாமாவைப் பிடித்தார்.

“இன்னா மாமு, படம் ஸோக்கா ஓடுதாமே?”

“பாஸ்கலு, வேணும்னு செய்யலடா.”

“ஒன் வவுறு ரொம்பட்டும் நைனா, நான் வாணாங்கல. அதுக்கு என் காலுதான் ஆப்ட்டுச்சா? கோயிலுக்குப் போறப்ப ரோசி நாலடி தள்ளி நடந்துகினு வர்றா. அத்த இன்னா பண்றது, சொல்லு.”

அடுத்த படத்திலும் அதே நடைக்கு மாமா அதற்குள் ஒப்புக்கொண்டிருந்தார். அதைச் சொல்லாமல் இரண்டு டீக்கும் காசு கொடுத்தார்.

ஈஸ்டருக்கு முந்தின பெரிய வியாழக்கிழமையன்று பங்குக் கோயிலில், ஏசு சீடர்களுக்குச் செய்ததுபோல, பன்னிரண்டு பேரைப் பீடத்தருகே உட்காரவைத்துச் சாமியார் கால் கழுவுவார். அந்த வருஷம் பாஸ்கலையும் கூப்பிட்டிருந்தார்கள். வரமாட்டேன் என்றார். பெஞ்சியிலிருந்து பீடம்வரை எல்லாரும் பார்க்க நடக்க வேண்டுமே. மாமா சாமியாரிடம் கேட்டுத் தானும் பன்னிருவரில் ஒருவரானார். பிறகு பாஸ்கலிடம் போனார்.

“நீ என் பின்னாடி வா. நான் நேரா நடக்கறேன். சினிமாக்காரன்னு ஜனம் என்னைத்தான் பாக்கும். ஒன்ன எவனும் பாக்க மாட்டான்.”

“மெய்யாலுமா?”

“மாதா மேல ஆணை.”

சொன்னபடியே எல்லாரும் மாமாவைத்தான் பார்த்தார்கள். அதுதான் வினையாயிற்று. அவர் நிமிர்ந்து நடந்தார். ஜனமோ இதோ இடுப்பைத் தூக்குவார் என்று சிரிப்பை வாயில் வைத்துக்கொண்டு காத்திருந்தது. இடுப்பைத் தூக்கியது ஓரடி பின்னால் வந்த பாஸ்கல். சிரிப்பு வெடித்தது. பெண்கள்கூட முக்காட்டை வாயில் வைத்து அமுக்கினார்கள்.

பின்னால் காலடி நின்றது மாமாவுக்குக் கேட்டது. திரும்பவில்லை. போய்த் தன் நாற்காலியில் உட்கார்ந்தார். பக்கத்து நாற்காலி காலி.

சாமியார் தண்ணீரோடு வந்து மண்டியிட்டு, மெல்லக் கேட்டார்: “பாஸ்கல் எங்கே?”

“தெரியல சாமி” என்று சொல்லிக் காலை நீட்டினார் மாமா.

அடுத்த படத்தில் அந்த நடையை நடக்க மாட்டேன் என்று கோடம்பாக்கத்தில் சொல்லிவிட்டார். அவர்கள் வருந்தவில்லை. வேறொருவர் மாமாவின் படத்தை நாலைந்து முறை பார்த்து, கால் வீச்சு, தலைத் திருப்பல் எல்லாவற்றையும் பழகிக்கொண்டு வந்து நின்றார். தத்தக்கா அதன்பின் மூன்று படங்களில் நடந்தான். மாமா பெரும்பாலும் உட்கார்ந்தே நடிக்கிற வேடங்களாகப் பார்த்து வாங்கினார்.

பாஸ்கல் ரோசியோடு எர்ணாவூர்ப் பக்கம் குடிபோனார். பஸ்ஸில் போகிற தூரந்தான். மாமா போகவில்லை.