மறைப்புச் சுவரில் கைப்பிடி

கணவன் மஹ்மூதின் மையத்தை அடக்கத்துக்கு எடுத்தபோது பஸ்லினா அழவில்லை என்பது மடவளை முழுக்கத் தெரிந்த கதை. அவளுக்கும் அது தெரியும். தெரிந்தும் ஒன்றும் தோன்றவில்லை. பல்லுக்கு மருந்தூசி போட்ட பிறகு கன்னத்தைத் தொட்டால் யாருடையதோ போல இருக்குமே, உடம்பு முழுக்க அப்படி இருந்தது. காலையில் எழும்புவாள், மாமியைத் துடைத்து உடுப்பு மாற்றுவாள், மருந்துக் குளிசை கொடுப்பாள். கண்டியில் பராமரிப்புப் பயிற்சி எடுத்து, ஊரார் வீட்டு நோயாளிகளை வருடக்கணக்கில் தூக்கி இருத்தியவள். கை தானாக வேலை செய்தது.

மாமி அனீஸா இடுப்பெலும்பு உடைந்து ஒப்பரேஷன் செய்தவர். மகன் போனதும் மகள் இல்மா கம்பளையிலிருந்து வந்து முடிவாகச் சொல்லிவிட்டாள்.

"உம்மாக்குத் தனிய பாத்ரூம் போக ஏலாட்டி நான் கூட்டிட்டுப் போறேன். மதினி இத்தா இருக்கிறவ. அவட தலையில எல்லாத்தையும் கட்ட ஏலா."

வெள்ளிக்கிழமை வேனோடு வருவதாகவும் சொல்லிப் போனாள்.

"அவள்ட வீடு மேல்மாடி," என்றார் மாமி. "ஏத்தினாங்கண்டா பொறகு மையத்தாத்தான் எறக்குவாங்க. நான் போக மாட்டேன்."

ஆகவே மாமியின் கட்டிலிலிருந்து கழிப்பறைவரை சுவரோடு கைப்பிடிக் குழாய் அடிக்க வேண்டியிருந்தது. மஹ்மூதின் சாச்சா மகன் அஸ்ஃபர், கட்டுகஸ்தோட்டையில் ஹார்ட்வெயார் கடை வைத்திருப்பவர், தானே வந்து ஒரு பகலில் அடித்துக் கொடுத்தார். கணவனை இழந்தவள் நாலு மாதமும் பத்து நாளும் இருக்கும் இத்தா முடியும்வரை அவரைப் போன்ற ஆண்களின் கண்ணில் படக் கூடாதென்று பஸ்லினா அறைக்குள் கதவைச் சாத்திக்கொண்டு இருந்தாள். டிரில் சத்தம் மட்டும் கேட்டது.

மறுநாள் மாமி குழாயைப் பிடித்து நடந்தார். ஹோல் நடுவே அது வெள்ளைத் தூளோடு கழன்று கையோடு வந்துவிட்டது. பின்னால் நடந்த பஸ்லினா மாமியின் இடுப்பில் கட்டிவிட்ட பட்டியைப் பிடித்திருந்ததால் அவர் விழவில்லை.

மாமியைக் கதிரையில் இருத்திவிட்டு ஓட்டையைப் பார்த்தாள். அது சுவரே அல்ல. மையத்து எடுத்த கையோடு, வந்துபோகும் ஆண்கள் ஒரு பக்கம், அவள் ஒரு பக்கம் என்று ஹோலைக் குறுக்கே மறித்து எழுப்பிய ஜிப்சம் மறைப்பு. பார்வைக்கு அசிங்கமாக இருக்கக் கூடாதென்று பழைய சுவரின் வெள்ளையையே அதற்கும் பூசியிருந்தார்கள். எது எங்கே முடிகிறதென்று பார்க்காமல், திருகாணி பிடிக்கச் செங்கல்லுக்குப் போடும் வோல் பிளக்கையே அதற்கும் போட்டிருந்தார் அஸ்ஃபர்.

கரண்டிக் காம்பால் வழி முழுக்கத் தட்டிக்கொண்டே போனாள். மாமியின் அறைச் சுவர் செங்கல். சத்தம் அடங்கி வந்தது. மறைப்பு பெட்டியைப் போல டொம்மென்றது. கழிப்பறை நடைச் சுவர் சிமெந்து புளொக் கல். ஓரிடம் இறுக்கம், அடுத்த சாண் வெறுமை.

செய்தி கிடைத்ததும் அஸ்ஃபர் சாமானோடு வந்து மறைப்புக்கு அந்தப் பக்கம் நின்றார்.

"நீங்க அறைக்குள்ள இரிங்க மதினி. நான் திரும்ப அடிச்சிட்டுப் போறேன்."

"நேத்தும் அறைக்குள்ளதான் இருந்தேன். மாமிட கை எந்த ஒசரத்துக்கு வருமெண்டு உங்களுக்குத் தெரியுமா? டிரில்ல மறைப்புக் கதவுக்கிட்ட வச்சிட்டு அங்கயே நில்லுங்க."

"நீங்களா டிரில் பிடிக்கப் போற?"

"ஆளுகளத் தூக்கின கை. டிரில்லு என்ன, எறங்கி ஓடவா போகுது?"

மாமி கதிரையிலிருந்தே குரல் கொடுத்தார். "அஸ்ஃபர், நேத்து பிளக்தான் போட்டியா, இல்லாட்டி எச்சி தொட்டு ஒட்டினியா?"

"வெக்கமா ஈக்கி பெரியம்மா. உடுங்க."

செங்கல் சுவர் மண் சாந்தில் கட்டியது. கல்லின் நடுவில் நீளப் பிளக் போட்டால் பிடிக்கும், சாந்துக் கோட்டில் போட்டால் மண்ணோடு வந்துவிடும். சிவப்புத் தூள் வருகிறதா என்று பார்த்துப் பார்த்துத் துளைத்தாள். பொந்துள்ள புளொக் கல்லில் அந்தப் பிளக் விரிந்து பிடிக்க ஒன்றுமில்லை. அங்கே துளைக்குள் சல்லடைக் கூடு ஒன்றைத் தள்ளி, அதற்குள் பசையைப் பிதுக்கி, ஆணிக்கம்பியைச் செருகி இறுகவிட்டாள்.

மறைப்புதான் மிச்சம்.

"அதுக்கு எந்தப் பிளக்கும் ஆள்ட பாரத்தத் தாங்காது," என்றார் அஸ்ஃபர். "ரெண்டு பக்கமும் பலகை வச்சு, நடுவால போல்ட் உட்டு இறுக்குவோம். உள்ளுக்கு இரும்புச் சட்டம் நிக்கிற எடத்தப் பாருங்க."

பிரிட்ஜ் கதவில் ஒட்டியிருந்த காந்தத்தை எடுத்துச் சுவரில் தேய்த்தாள். அது கவ்விய இடங்களிலெல்லாம் பென்சிலால் கோடு போட்டாள். பலகை அந்தச் சட்டங்களின் மேல் கிடக்கும்படி வைத்து, டிரில்லை அழுத்தினாள். முனை அந்தப் பக்கம் பாய்ந்தது.

"அல்லாஹ்வே! எண்ட மூக்கு!"

"மூக்கு இருக்கா?"

"ஈக்கி, ஈக்கி."

"அப்ப பலகையப் பிடிங்க."

மாமி சிரித்த சிரிப்பில் இருமல் வந்துவிட்டது. பஸ்லினா தண்ணீர் கொடுத்து, முதுகைத் தடவிவிட்டு, போல்ட்டைச் செருகினாள். அவள் இந்தப் பக்கம் தலையை ஸ்பெனரால் பிடித்துக்கொள்ள, அவர் அந்தப் பக்கம் நட்டை இறுக்கினார். முகம் தெரியாதவரின் முறுக்கு, இரும்பு வழியாக அவள் உள்ளங்கைக்கு வந்தது. அது மட்டும் தெளிவாகத் தெரிந்தது.

"மஹ்மூத் நானா இருந்திருந்தா இந்த மறைப்பே…" என்று தொடங்கினார் அஸ்ஃபர்.

"இறுக்குங்க," என்றாள்.

பசை நன்றாகக் காய்ந்த பிறகு, ஒவ்வொரு துண்டிலும் தானே முழுப் பாரத்தோடு தொங்கிப் பார்த்தாள். ஒன்றும் அசையவில்லை.

வெள்ளிக்கிழமை இல்மா வந்தாள். தாங்கப் போன மகளின் கையைத் தட்டிவிட்டு, மாமி செங்கல்லைக் கடந்து, மறைப்பைக் கடந்து, நடையைக் கடந்து கழிப்பறைக்குள் போய்க் கதவைச் சாத்தினார். இல்மா வாயைப் பொத்திக்கொண்டு அழுதாள். பஸ்லினா பிளேன்டீ ஊற்றிக் கொடுத்தாள். வேன் வெறுமனே கம்பளைக்குத் திரும்பியது.

அன்று பின்னேரமும் பஸ்லினா பழக்கத்தில் கழிப்பறைக் கதவருகே நின்றாள்.

"யாரு, மகளா?" உள்ளிருந்து மாமி கேட்டார். "காவல் நிக்க வாணாம். போய்ச் சும்மா இரு."

எங்கே போய் இருப்பதென்று அவளுக்கு உடனே பிடிபடவில்லை. குசினிவரை போனாள், திரும்பினாள். கடைசியில் தன் அறைக் கட்டிலின் ஓரத்தில் இருந்தாள். தண்ணீர் ஊற்றும் சத்தம் கேட்டது. பிறகு மாமியின் வளையல் குழாயில் உரசிக்கொண்டு வந்து, அவள் அறையைத் தாண்டி, அவளைக் கூப்பிடாமலே போனது.